பாரோவுக்கு வந்த தபால்

அமர்னாவில் நிழல் கிடையாது. நைல் கரையை ஒட்டிப் பேரீச்சையும் கரும்பும் தீவனப்பயிருமாக ஒரு பச்சைப் பட்டை ஓடுகிறது. அது முடிந்த வரப்பிலேயே மணல் ஆரம்பித்துவிடுகிறது. அங்கிருந்து கிழக்கே அரைவட்டமாக வளைந்து நிற்கும் சுண்ணாம்புக் குன்றுகள் வரைக்கும் பொட்டல்தான். ஏறக்குறைய 3,350 ஆண்டுகளுக்கு முன் அக்கெனாத்தன் என்ற பாரோ, பழைய தெய்வங்களை ஒதுக்கிவிட்டு, சூரியத் தட்டான ஆத்தன் ஒன்றையே கும்பிட வேண்டும் என்று சொல்லி இந்தப் பொட்டலில் புதிய தலைநகரம் கட்டினான். ஆத்தன் கோயில்களுக்குக் கூரை போடவில்லை. கடவுள் நேராக மேலே இருக்கும்போது கூரை எதற்கு?

இந்த வெயிலைப் பற்றி அந்தக் காலத்திலேயே ஒரு புகார் எழுந்தது. அசிரியாவின் அரசன் அஷுர்-உபல்லித் பாரோவுக்கு எழுதிய கடிதத்தில், என் தூதர்களை ஏன் வெளியே வெயிலில் நிற்கவைத்துச் சாகடிக்கிறீர் என்று கேட்கிறான். அவர்கள் வெயிலில் நிற்பதால் உமக்கு ஏதாவது லாபம் உண்டென்றால் நிற்கட்டும், அங்கேயே சாகட்டும். லாபம் ஒன்றும் இல்லையென்றால் அவர்கள் எதற்காகச் சாகவேண்டும் என்பது அவன் வாதம். களிமண்ணில் எழுதப்பட்ட அந்தக் கடிதம் இன்றும் இருக்கிறது. காலை பத்து மணிக்கே தலை சுற்றும் அந்த மணலில் நின்றால் அவன் கட்சியில் சேர்ந்துவிடத் தோன்றும்.

கெய்ரோவிலிருந்து தெற்கே சுமார் 250 கிலோமீட்டர் ரயிலில் போனால் மின்யா வருகிறது. அங்கிருந்து காரில் அபு குர்காஸ் சர்க்கரை ஆலையையும் மல்லவி ஊரையும் தாண்டிப் போய், படகில் நைலின் கிழக்குக் கரைக்குக் கடக்க வேண்டும். இந்தப் பக்கத்தில் வெளிநாட்டுக்காரர்களுக்குக் காவலாக போலீஸ் வண்டி வருவது வழக்கம். எங்களுக்கும் வந்தது. துப்பாக்கியோடு வந்த இளைஞர் வழி முழுக்கத் தூங்கினார். பாதுகாப்பு அந்த அளவுக்கு நன்றாக இருந்தது.

சுற்றுலாக்காரர்கள் அமர்னாவில் முதலில் பார்ப்பது வடக்குக் குன்றில் குடைந்த கல்லறைகள். அவற்றில் இரண்டாம் மெரிரே என்ற அதிகாரியின் கல்லறையில் அக்கெனாத்தனின் 12ஆம் ஆட்சியாண்டில் நடந்த ஒரு பெரிய கொலு செதுக்கப்பட்டிருக்கிறது. அரசனும் அரசி நெஃபர்டிட்டியும் மேடையில் அமர்ந்திருக்கிறார்கள். ஆறு பெண் குழந்தைகள் பின்னால் நிற்கிறார்கள். சிரியாக்காரர்கள், நூபியர்கள், லிபியர்கள் என்று வரிசை வரிசையாகக் காணிக்கையோடு வருகிறார்கள். உலகமே எங்கள் காலடியில் என்பதுதான் சுவரின் சேதி. சுவரில் எழுதுவது ஊருக்குக் காட்ட. கடிதத்தில் எழுதுவது காரியம் நடக்க. உண்மை எதில் இருக்கும் என்பதைச் சொல்ல வேண்டியதில்லை. நான் அமர்னா வந்தது கடிதங்களுக்காக.

அவை கிடைத்த இடம் ஊரின் நடுப்பகுதியில், அரசன் மாளிகைக்குச் சற்றுக் கிழக்கே இருக்கிறது. காவலரிடம் கேட்டபோது முதலில் புரியவில்லை. நெஃபர்டிட்டி சிலை கிடைத்த சிற்பியின் வீட்டைக் கேட்கிறேன் என்று நினைத்து வேறு பக்கம் கை காட்டினார். கடைசியில் போய்ச் சேர்ந்தோம். முழங்கால் உயரத்துக்குத் தேய்ந்துபோன மண்சுவர்கள், மணல் மூடிய சில அறைகளின் வரம்பு. அவ்வளவுதான். 1891-92இல் இங்கே தோண்டிய ஃபிளிண்டர்ஸ் பெட்ரி, இந்தக் கட்டடத்தின் செங்கற்களில் முத்திரை குத்தியிருந்ததைக் கண்டார். பாரோவின் கடிதங்கள் இருக்கும் இடம் என்று அதில் எழுதியிருந்தது. செங்கல்லிலேயே பெயர்ப்பலகை வைத்த அலுவலகம்! கழிவுக் குழிகளிலிருந்து களிமண் கடிதத் துண்டுகளும் சில அவருக்குக் கிடைத்தன. ஆனால் பெரும் புதையல் அதற்கு நாலைந்து வருடம் முன்பே போய்விட்டிருந்தது.

1887இல் உள்ளூர்ப் பெண் ஒருத்தி எருவுக்காக மண் தோண்டினாள் என்று சொல்கிறார்கள். எகிப்தில் இடிந்த பழைய மண்சுவர்களை வெட்டி வயலுக்கு எருவாகப் போடுவது அப்போது சாதாரணம். அந்த மண்ணுக்கு ‘செபாக்’ என்று பெயர். செபாக்குக்காகத் தோண்டியபோது கோழிக்கால் கீறியது போன்ற குறிகளோடு சின்னச் சின்னக் களிமண் பலகைகள் வந்தன. எகிப்தில் பாபிலோனிய ஆப்பெழுத்து எப்படி வரும்? போலி என்று ஒதுக்கிய அறிஞர்களும் இருந்தார்கள். சாக்குகளில் போட்டு ஊர் ஊராக வியாபாரிகளிடம் கொண்டு போனதில் பல நொறுங்கின. மிஞ்சியவற்றில் பெரும்பகுதி பெர்லினுக்குப் போனது. லண்டனுக்கு ஒரு பங்கை வாலிஸ் பட்ஜ் வாங்கிப் போனார். ஐம்பது போல கெய்ரோவில் தங்கின. இன்று மொத்தம் 382 பலகைகள் தெரிந்திருக்கின்றன. சுமார் 350 கடிதங்கள், மற்றவை எழுத்துப் பயிற்சிக்கான சொற்பட்டியல்களும் கதைகளும். நார்வேக்காரரான நுட்ஸோன் 1907 முதல் 1915 வரை வெளியிட்ட பதிப்பில் கொடுத்த எண்களையே இன்றும் எல்லோரும் பயன்படுத்துகிறார்கள்.

இவற்றில் மூன்றாம் அமென்ஹோதெப் காலத்துக் கடிதங்களும் உண்டு. அக்கெனாத்தனுக்கு அவன் தகப்பன். தலைநகரை மாற்றியபோது பழைய கோப்புகளையும் மூட்டை கட்டிக்கொண்டு வந்திருக்கிறார்கள். துத்தன்காமன் காலத்தில் அரசவை இந்த ஊரைக் கைவிட்டது. அப்போது தேவையானதை எடுத்துக்கொண்டு, பழசு என்று பட்டதை விட்டுப் போனார்கள் என்பது ஆராய்ச்சியாளர்களின் கருத்து. அதாவது நம்மிடம் இருப்பது யாருக்கும் வேண்டாம் என்று போட்டுவிட்டுப் போன தபால். அதிலும் பெரும்பாலும் வந்த தபால். பாரோ எழுதியவை பத்துப் பன்னிரண்டு இருந்தால் அதிகம். ஒரு பக்கப் பேச்சை மட்டும் கேட்டுக்கொண்டு, மறுபக்கம் என்ன சொல்லியிருக்கும் என்று ஊகிக்க வேண்டியிருக்கிறது.

எழுத்து ஆப்பெழுத்து; மொழி அக்காடியம். அது பாபிலோனியாவின் மொழி. எகிப்தியர்களுக்கு அது தாய்மொழி அல்ல, எழுதிய பலருக்கும் அல்ல. கானான் நாட்டு எழுத்தர்கள் எழுதிய அக்காடியத்தில் அவர்கள் வீட்டு மொழியின் இலக்கணம் புகுந்து விளையாடுகிறது. படிக்கிறவர்களுக்கு அது தலைவலி, மொழி ஆராய்ச்சியாளர்களுக்கு விருந்து. ஈரக் களிமண்ணைக் கையில் அடங்கும் அளவுக்குத் தட்டி, நாணல் முனையால் குத்திக் குத்தி எழுதிக் காயவைத்துவிட்டால் கடிதம் தயார். ஆனால் எல்லாக் கடிதங்களும் கையில் அடங்கவில்லை. மித்தனி அரசன் துஷ்ரத்தா தன் சொந்த மொழியான ஹுர்ரியத்தில் எழுதிய ஒன்று அரை மீட்டருக்குச் சற்றுக் குறைவான உயரம், ஐந்நூறு வரிக்குக் கொஞ்சம் குறைவு. ஹுர்ரிய மொழியை இந்தக் காலத்தவர் படித்தறிய அந்த ஒரு கடிதம் பெரிய உதவியாக இருந்தது.

கடிதத்தின் முதல் வரி பாரோவை நோக்கியதல்ல. ‘இன்னாருக்குச் சொல், இன்னார் சொல்வது இது’ என்ற தோரணையில், அதைப் படித்துக் காட்டப்போகும் ஆளைப் பார்த்துத் தொடங்குகிறது. அரசர்கள் படிக்கவில்லை, கேட்டார்கள். அடுத்து நலம் விசாரிப்பு: நான் நலம், நீர், உம் மனைவியர், பிள்ளைகள், குதிரைகள், தேர்கள், நாடு எல்லாம் நலமாக இருக்கட்டும். சமமான அரசர்கள் ஒருவரையொருவர் சகோதரா என்றுதான் அழைப்பார்கள். எகிப்து, பாபிலோன், மித்தனி, ஹிட்டைட்டு, பிறகு முட்டி மோதி உள்ளே நுழைந்த அசிரியா ஆகியோர் இந்தச் சகோதரர்கள். சைப்ரஸ் அரசனும் சகோதரா என்றே எழுதினான். கையில் செம்பு இருந்ததால் யாரும் மறுக்கவில்லை.

நலம் விசாரிப்பு முடிந்த அடுத்த வரியிலேயே சண்டை ஆரம்பம். கல்யாணம் முடிந்து பத்து வருடம் கழித்தும் சீர்வரிசையில் குறைந்த குத்துவிளக்கைப் பற்றிப் பேசும் சம்பந்திகளைப் போலத்தான் இவர்கள் எழுதிக்கொண்டார்கள். பாபிலோன் அரசன் கதஷ்மான்-என்லில், என் தூதரை ஆறு வருடம் பிடித்துவைத்தீர், கடைசியில் அனுப்பியது 30 மினா பொன், அதுவும் வெள்ளி போல இருந்தது என்கிறான். (மினா என்பது சுமார் அரைக் கிலோ.) அவனுக்குப் பின் வந்த புர்ன-புரியாஷ், நீர் அனுப்பிய 20 மினா பொன்னை உலையில் போட்டதில் 5 மினாகூடத் தேறவில்லை என்று எழுதுகிறான். துஷ்ரத்தாவுக்கு அமென்ஹோதெப் கட்டிப் பொன்னில் வார்த்த சிலைகள் தருவதாக வாக்குக் கொடுத்திருந்தான். அவன் இறந்தபின் மகன் அக்கெனாத்தன் அனுப்பியவை பொன் தகடு போர்த்திய மரச் சிலைகள். துஷ்ரத்தா விடவில்லை. கடிதத்துக்கு மேல் கடிதம் எழுதினான். பாரோவின் தாய் தியேவுக்கே தனியாக எழுதி, எனக்கும் உம் கணவருக்கும் இடையே பேசியதெல்லாம் உமக்குத் தெரியும், மகனிடம் எடுத்துச் சொல்லும் என்று கேட்டுக்கொண்டான். எகிப்தில் பொன் மண்ணைப் போலக் கொட்டிக் கிடக்கிறது என்ற நம்பிக்கை இவர்கள் அத்தனை பேருக்கும் இருந்தது. அஷுர்-உபல்லித்தும் துஷ்ரத்தாவும் ஏறக்குறைய ஒரே சொற்களில் அதை எழுதுகிறார்கள்.

(துஷ்ரத்தா என்ற பெயரில் சமஸ்கிருத வாடை அடிக்கிறதே என்று தோன்றினால், அது சரிதான். மித்தனி அரசர்களின் பெயர்கள் இந்தோ-ஆரிய வழிப் பெயர்கள். துருக்கியில் ஹிட்டைட்டுத் தலைநகரில் கிடைத்த மித்தனி உடன்படிக்கையில் மித்திரன், வருணன், இந்திரன், நாசத்தியர் சாட்சிகளாக நிற்கிறார்கள்.)

பெண் கேட்பது இன்னும் வேடிக்கை. அமென்ஹோதெப் எல்லா நாட்டு இளவரசிகளையும் மணந்துகொள்வான். மித்தனியிலிருந்து கிலுகெபா 317 பணிப்பெண்களோடு வந்ததைக் கல்வண்டு முத்திரைகளில் பொறித்து ஊரெல்லாம் அனுப்பினான். ஆனால் பாபிலோன் அரசன் பதிலுக்கு எகிப்திய இளவரசி ஒருத்தியைக் கேட்டபோது, ஆதிகாலம் முதல் எகிப்து மன்னன் மகளை யாருக்கும் கொடுத்ததில்லை என்று மறுத்துவிட்டான். அதற்குப் பாபிலோன்காரன் சொன்ன பதில் எனக்கு மிகவும் பிடித்தது. அழகான பெண் எவளையாவது உம் மகளைப் போல அனுப்பும், இவள் அரசன் மகள் இல்லை என்று இங்கே யார் சொல்லப்போகிறார்கள் என்று எழுதினான். அவனுக்கு வேண்டியது பெண் அல்ல, தன் சபையில் காட்ட ஒரு பாரோ மகள். இதே பாபிலோன் அரசன், உம் அந்தப்புரத்துக்கு வந்த என் சகோதரி உயிரோடிருக்கிறாளா என்றே தெரியவில்லை என்று குறைப்பட்டபோது அமென்ஹோதெப், அவளை அடையாளம் தெரிந்த பெரிய மனிதர் ஒருவரை அனுப்பியிருக்கக் கூடாதா, நீர் அனுப்பியவர்களில் ஒருவன் கழுதை மேய்ப்பவன் என்று திருப்பி அடிக்கிறான். அந்தப் பெண் என்ன ஆனாள் என்பது இரண்டு பேருக்கும் முக்கியமாகப் படவில்லை. படிக்கும்போது அந்த இடம் மட்டும் சிரிக்கவிடவில்லை.

இத்தனை கடுகடுப்புக்கு நடுவே மனிதனாகத் தெரிகிறவன் புர்ன-புரியாஷ்தான். உடம்பு சரியில்லாமல் கிடந்தபோது பாரோ ஆள் அனுப்பி விசாரிக்கவில்லை என்று அவனுக்குக் கோபம். எகிப்தியத் தூதர், எங்கள் நாடு பக்கத்திலா இருக்கிறது, உங்களுக்கு உடம்பு சரியில்லை என்ற செய்தி அங்கே எட்ட வேண்டாமா என்று கேட்டிருக்கிறார். அரசன் நம்பாமல் தன் சொந்தத் தூதரைக் கூப்பிட்டு, தூரம் உண்மைதானா என்று விசாரித்தான். உண்மைதான் என்றதும், என் கோபம் தீர்ந்தது என்று எழுதிவிட்டான். பாபிலோனை ஆண்டவனுக்கு எகிப்து எவ்வளவு தூரம் என்று தெரியாது. நடந்து போனவனுக்குத் தெரிந்திருந்தது.

அந்த நடந்து போனவர்களின் கதை கடிதங்களுக்குள் சிதறிக் கிடக்கிறது. எகிப்துக்கும் மித்தனிக்கும் இடையே மானே என்ற எகிப்தியரும் கெலியா என்ற மித்தனிக்காரரும் மாறி மாறிப் போய்வந்தார்கள். மானேயைத் துஷ்ரத்தா வாயாரப் புகழ்கிறான். உறவு கசந்த பிறகு அவரையே போகவிடாமல் நிறுத்தியும் வைக்கிறான். கானான் வழியாகப் போன பாபிலோன் வணிகர்களை வழிமறித்துக் கொன்று பொருளைப் பிடுங்கினார்கள். அது உம் நாடு, நீரே நியாயம் சொல்லும் என்று புர்ன-புரியாஷ் பாரோவை நெருக்குகிறான். மித்தனியிலிருந்து கிளம்பிய ஒரு சிறிய பலகை எந்த அரசனுக்கும் எழுதியதல்ல. வழியிலுள்ள கானான் சிற்றரசர்களுக்கானது: இதைக் கொண்டுவரும் அகியா என் தூதன், அவனை யாரும் நிறுத்தாதீர்கள், பத்திரமாக எகிப்துக்குள் சேர்த்துவிடுங்கள். கடவுச்சீட்டின் வரலாறு எழுதுகிறவர்கள் இதிலிருந்துதான் தொடங்க வேண்டும்.

பிற்பகலில் தெற்குக் குன்றுக்குப் போனோம். இங்கே எல்லோரும் தேடிப் போவது ஆய் என்பவரின் கல்லறையை. நான் பார்க்க விரும்பியது துத்து என்ற அதிகாரியின் கல்லறை. வெளிநாட்டுத் தூதர்கள் சொல்வதை அரண்மனையில் எடுத்துச் சொல்பவன் நான் என்று அவர் தன் சுவரில் எழுதிவைத்திருக்கிறார். அமுர்ரு நாட்டு அசிரு என்ற சாமர்த்தியசாலி, இதே துத்துவுக்கு என்று கருதப்படும் கடிதங்களில் அவரை அப்பா, எசமானே என்று அழைத்து, உமக்கு வேண்டியது எதுவானாலும் எழுதும், நான் தருகிறேன் என்கிறான். அரசனிடம் காரியம் ஆக யாரைப் பிடிக்க வேண்டும் என்று அசிருவுக்குத் தெரிந்திருந்தது.

அது தெரியாமல் போனவன் பிப்லோஸ் அரசன் ரிப்-ஹத்தா. லெபனான் கடற்கரையில் இருந்த பிப்லோஸ் எகிப்துக்கு அடங்கிய சிற்றரசு. இப்படிப்பட்ட சிற்றரசர்கள் பாரோவைச் சகோதரா என்று அழைக்க முடியாது. ஏழு முறையும் மறுபடி ஏழு முறையும் காலில் விழுகிறேன் என்று தொடங்க வேண்டும். சிலர் வயிறு படவும் முதுகு படவும் விழுவதாகச் சேர்த்துக்கொள்வார்கள்; சிலர் உம் காலடிப் புழுதி, உம் குதிரைக்காரன் என்பார்கள். ரிப்-ஹத்தா மட்டும் அறுபது கடிதங்களுக்கு மேல் எழுதினான். அசிருவின் குடும்பம் என்னை நெருக்குகிறது, கூண்டில் மாட்டிய பறவை போல இருக்கிறேன், சோற்றுக்காக எங்கள் ஜனங்கள் பிள்ளைகளையும் வீட்டு மரங்களையும் விற்றாகிவிட்டது, வில்லாளிகளை அனுப்பும் என்று ஒரே பல்லவி. பாரோவுக்கு அலுத்துவிட்டது. மற்ற எல்லாரையும்விட நீதான் அதிகம் எழுதுகிறாய் என்று அங்கிருந்து வந்த பதிலை ரிப்-ஹத்தாவே ஒரு கடிதத்தில் குறிப்பிட்டு, என் நிலைமை அப்படி என்று சமாதானம் சொல்கிறான். கடைசியில் சொந்தத் தம்பியே நகரக் கதவைச் சாத்திவிட்டான். பெய்ரூட்டில் அடைக்கலம் புகுந்து அங்கிருந்தும் எழுதினான். பிறகு கடிதங்கள் நின்றுவிடுகின்றன. அவன் முடிவு, பாரோ அசிருவைக் கண்டித்து எழுதிய கடிதம் ஒன்றிலிருந்துதான் நமக்குத் தெரிகிறது. உயிரோடு இருக்கும்போது கிடைக்காத கவனம் அது. அவன் மிகைப்படுத்தினான் என்று சொல்லும் ஆய்வாளர்கள் உண்டு. இருக்கலாம். ஆனால் அவன் பயந்தபடியேதான் எல்லாம் நடந்தது.

ஜெருசலேம் அரசன் அப்தி-ஹெபாவின் ஆறு கடிதங்கள் வேறு ரகம். ஐம்பது படைவீரர்களை அனுப்பினால் போதும், நாட்டைக் காப்பாற்றிவிடலாம் என்பது அவன் மன்றாட்டு. கடிதம் முடிந்த பிறகு அடியில் தனியாகச் சில வரிகள்: அரசரின் எழுத்தருக்கு, உன் பணியாள் அப்தி-ஹெபா; என் சொற்களை அரசரிடம் நன்றாக எடுத்துச் சொல். துருக்கியின் மேற்குப் பக்கத்து அர்சாவா நாட்டிலிருந்து வந்த கடிதம் ஒன்றில் இன்னும் அழகான பின்குறிப்பு இருக்கிறது. அங்கே அக்காடியம் தெரிந்தவர்கள் இல்லை; ஹிட்டைட்டு மொழியில் எழுதியிருக்கிறார்கள். இதைப் படித்துக் காட்டும் எழுத்தரைத் தெய்வங்கள் காக்கட்டும், பதில் எழுதும்போது ஹிட்டைட்டு மொழியிலேயே எழுதுங்கள், முடிவில் உங்கள் பெயரையும் எழுதுங்கள் என்று அந்த எழுத்தர் முகம் தெரியாத எகிப்திய எழுத்தரைக் கேட்டுக்கொள்கிறார். இரண்டு பெரிய அரசர்கள் பெண் கொடுத்துப் பெண் எடுக்கும் கடிதத்தின் ஓரத்தில் இரண்டு எழுத்தர்களின் சொந்தப் பேச்சு. 382 பலகைகளில் எனக்கு ஒன்றை எடுத்துக்கொள்ளலாம் என்றால் இதைத்தான் எடுப்பேன்.

களிமண்ணுக்கு இன்னொரு குணமும் உண்டு: அது ஊரைக் காட்டிக் கொடுத்துவிடும். யுவால் கோரென், இஸ்ரேல் ஃபின்கெல்ஸ்டைன், நதாவ் நாமான் மூவரும் இந்தப் பலகைகளின் மண்ணை நுண்ணோக்கியில் ஆராய்ந்து 2004இல் நூலாக வெளியிட்டார்கள். மேலே சைப்ரஸ் என்று நான் சொன்ன, செம்பு அனுப்பிய நாட்டின் பெயர் கடிதங்களில் அலாஷியா; அது எது என்று நீண்ட நாள் சர்ச்சை இருந்தது. அங்கிருந்து வந்த கடிதங்களின் மண் சைப்ரஸின் துரூதோஸ் மலைப்பகுதியைச் சேர்ந்தது என்று அவர்கள் காட்டினார்கள். காகிதமாகவோ பாப்பிரஸாகவோ இருந்திருந்தால் இந்தச் சாட்சியம் கிடைத்திருக்காது.

லண்டனில் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்துக்குப் போனவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். துஷ்ரத்தா, நினிவே நகரத்து இஷ்தார் தெய்வத்தின் சிலையை எகிப்துக்கு அனுப்பியபோது கூட எழுதிய கடிதம் அங்கே இருக்கிறது. தெய்வம் போய்வர விரும்புகிறாள், மரியாதையோடு உபசரித்துத் திருப்பி அனுப்பும் என்பது சாரம். அதன் பின்பக்கம் கறுப்பு மையில் மூன்று வரி எகிப்திய எழுத்து தெரியும். 36ஆம் ஆட்சியாண்டு, மாதம், நாள், அரசர் எந்த மாளிகையில் இருந்தார் என்று வரவுக் குறிப்பு. ஏதோ ஒரு கணக்குப்பிள்ளை தேதி போட்டு அடுக்கியிருக்கிறார்.

பெர்லினில் உள்ளவற்றைப் பார்க்க நினைப்பவர்கள் காத்திருக்க வேண்டும். அவை இருக்கும் பெர்கமோன் அருங்காட்சியகம் 2023 அக்டோபரில் முழுவதுமாக மூடப்பட்டது. மேற்காசியப் பிரிவு உள்ள தென்பகுதி 2037 வாக்கில்தான் திறக்கும் என்று அறிவித்திருக்கிறார்கள். அமர்னாவுக்குப் போகிறவர்கள் அதிகாலையிலேயே கிளம்பிவிடுங்கள். தண்ணீரும் தொப்பியும் எடுத்துக்கொள்ளுங்கள். கல்லறைகளைப் பார்த்ததோடு திரும்பிவிடாமல் கடித அலுவலகத்தைக் கேட்டு வாங்கிப் பாருங்கள். வழக்கமாகக் காட்டும் இடங்களின் வரிசையில் அது வராது. நாம் கேட்டால்தான் காட்டுவார்கள்.